முருங்கையிலை வறை ஏன் கறுக்கிறது?

கேள்வி

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் கண்டாவளையில் இருக்கிறோம். வேலிக் கதியால் எல்லாம் முருங்கை. கிணற்றடியில் பொன்னாங்காணியும் வல்லாரையும் நிற்கின்றன. மாரி வந்தால் வேலி முழுக்க முசுட்டை படரும். இலைக்குக் குறைவில்லை, ஆனால் நான் வறை செய்தால் கறுத்துப்போகிறது. பொன்னாங்காணி தண்ணீர் விட்டுச் சொதசொதவென்று கிடக்கிறது. முருங்கையிலை சில நாள் கசக்கிறது, சில நாள் சப்பச் சப்ப நாராக இருக்கிறது. நிறம் மாறாமல் இருக்கட்டும் என்று தேசிக்காய்ப் புளியை முதலிலேயே விடுகிறேன். ஆவி போகாமல் மூடியும் வைக்கிறேன். அப்பச்சோடா கொஞ்சம் போட்டால் பச்சையாக நிற்கும் என்று மாமி சொல்கிறா. எட்டு வயதிலும் நாலு வயதிலும் இரண்டு பிள்ளைகள். இருவரும் கீரையைக் கோப்பையின் ஓரத்தில் ஒதுக்கிவிடுகிறார்கள்.

எனக்கு இப்போது ஐந்தாம் மாதம். கிளினிக்கில் இரத்தம் குறைவு என்று குளிசை தந்திருக்கிறார்கள். முருங்கையிலையை நன்றாகச் சாப்பிட்டால் குளிசை தேவையில்லை என்று அயலில் சொல்கிறார்கள். உண்மையா? வயல் வாய்க்கால் கரையில் பிடுங்கும் பொன்னாங்காணியைச் சமைக்கலாமா?

ஒரு தாய், கண்டாவளை

பதில்

அன்புத் தங்கச்சி,

கடைசியில் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். குளிசையை நிறுத்த வேண்டாம். ஏன் என்பதைக் கீழே விளக்குகிறேன்.

சமையலில் உங்களுக்கு வரும் தொல்லைகளுக்குக் காரணம் மூன்று. புளியை முதலில் விடுகிறீர்கள், முழு நேரமும் மூடி வைக்கிறீர்கள், எல்லா இலைக்கும் ஒரே சமையலைச் செய்கிறீர்கள். முருங்கை வேறு, பொன்னாங்காணி வேறு, பசளி வேறு. இலையின் குணம் அறிந்து சமைத்தால் உங்கள் வளவில் நிற்கும் எல்லாமே நல்ல கறிதான்.

நிறம் போவது எதனால்?

இலைக்கு நிறம் தருவது பச்சையம். அதன் நடுவே மக்னீசியம் இருக்கிறது. தாவர நிறங்களை, முக்கியமாகப் பச்சையத்தை, ஆராய்ந்ததற்காக ஜேர்மனியரான ரிச்சர்ட் வில்ஸ்டட்டருக்கு 1915ஆம் ஆண்டு இரசாயனவியல் நோபல் பரிசு கிடைத்தது. சூடும் அமிலமும் சேர்ந்தால் அந்த மக்னீசியம் கழன்றுவிடும். அப்போது பச்சை மங்கி, மண்நிறம் கலந்த கரும்பச்சை ஆகிறது. தேசிக்காய்ப் புளி அமிலம் என்பதால், முதலில் விட்டால் நிறத்தைக் காப்பதற்குப் பதிலாக அதைக் கெடுக்கிறது.

இலைக்குள்ளும் இயல்பாகவே அமிலங்கள் உண்டு. வேகத் தொடங்கும் முதல் சில நிமிடங்களில் அவற்றில் ஒரு பங்கு ஆவியோடு வெளியேறும். மூடி வைத்தால் அந்த ஆவி மூடியில் பட்டு நீராகி, திரும்பச் சட்டிக்குள் ஒழுகுகிறது. ஆகவே முதல் இரண்டு மூன்று நிமிடம் சட்டி திறந்தே இருக்க வேண்டும். புளி, அடுப்பை விட்டு இறக்கிய பிறகு.

நீங்கள் இரும்புத் தாச்சியில் சமைப்பவராக இருந்தால் இன்னொரு காரணமும் உண்டு. இலையில் உள்ள துவர்ப்புப் பொருளும் இரும்பும் சேர்ந்தால் கறுக்கும், புளி விட்டால் இன்னும் கறுக்கும். அதனால் இரும்புத் தாச்சியைத் தூக்கி எறிய வேண்டாம். அதில் சமைக்கும்போது கொஞ்சம் இரும்பு உணவில் சேர்வது உங்களுக்கு நன்மைதான். வறை வெந்ததும் வேறு கோப்பைக்கு மாற்றி, பிறகு தேசிக்காய் பிழியுங்கள்.

மாமி சொல்வதில் பாதி சரி. அப்பச்சோடா போட்டால் பச்சை நிற்கும். ஆனால் அது இலையைக் கூழாக்கும், விற்றமின் சியையும் தயமினையும் அழிக்கும். நிறத்துக்காகச் சத்தைக் கொடுக்க வேண்டியதில்லை. கெதியாக வேகவைத்து இறக்கினாலே நிறம் நிற்கும் என்று மாமிக்குச் செய்து காட்டுங்கள்.

தண்ணீர் விடுவது எதனால்?

பச்சை இலையின் எடையில் ஏறத்தாழ முக்கால் பங்கும், சில இலைகளில் அதற்கு மேலும் தண்ணீர்தான். பொன்னாங்காணிக்கு நீங்கள் வெளியே இருந்து ஒரு சொட்டும் விடத் தேவையில்லை. அரியும் முன்பே நன்றாகக் கழுவி, சுளகிலோ வடியிலோ பரப்பி நீர் வடியவிட்டு, பிறகு அரியுங்கள். அரிந்த பிறகு கழுவினால் வெட்டுவாய் வழியாகச் சத்தும் கரைந்து போகும், இலையும் தண்ணீரை ஏந்திக்கொள்ளும். உப்பு இலையில் இருந்து நீரை இழுக்கும். ஆகவே பொன்னாங்காணிக்கு உப்பை இறக்கப் போகும் நேரத்தில் போடுங்கள். அடுப்பில் தீ குறைவாக இருந்தால் இலை வதங்காமல் தன் நீரிலேயே அவியும். விறகடுப்பில் இரண்டு நல்ல கொள்ளியைத் தள்ளி, சட்டி சூடேறிய பிறகே இலையைப் போட வேண்டும். ஒரேயடியாகச் சட்டி நிறையப் போட்டாலும் சூடு இறங்கிவிடும். கூடுதலாக இருந்தால் இரண்டு தரமாகச் செய்யுங்கள்.

முருங்கையிலை வறை

முருங்கை நேர் எதிர்க் குணம். இலை சிறியது, உலர்ந்தது, சற்று விறைப்பானது. நீர் விடாது. அதனால் இதற்கு மட்டும் கொஞ்சம் நீரும், இடையில் சிறிது நேரம் மூடியும் வேண்டும்.

மஞ்சள் பட்ட இலையையும் முற்றிய இலையையும் கழித்துவிடுங்கள். கசப்பு பெரும்பாலும் முற்றலில் இருந்து வருகிறது. நார் வருவது ஈர்க்கில் இருந்து. முதல் நாள் இரவு கொப்பைத் துணியில் சுற்றி வைத்தால் காலையில் உதறும்போதே இலை தானாகக் கொட்டும். ஈர்க்கைப் பொறுக்கி எறியுங்கள்.

நாலு பேருக்கு வேண்டியவை: உருவிய இலை அமுக்காமல் ஆறு கோப்பை, சின்ன வெங்காயம் 10, பச்சை மிளகாய் 3, உள்ளி 3 பல்லு, தேங்காய்ப்பூ முக்கால் கோப்பை, மஞ்சள் கால் தேக்கரண்டி, நற்சீரகம் அரைத் தேக்கரண்டி, எண்ணெய் ஒரு மேசைக்கரண்டி, உப்பு, பாதித் தேசிக்காய்.

தேங்காய்ப்பூவோடு நற்சீரகம், மஞ்சள், உள்ளி மூன்றையும் அம்மியில் ஒரு இழுப்பு இழுத்து வையுங்கள். விழுதாக அரைக்க வேண்டாம். எண்ணெயில் வெங்காயமும் பச்சை மிளகாயும் வதங்கி வாசம் வந்ததும் இலையைப் போட்டு, உப்பும் இட்டு, இரண்டு நிமிடம் திறந்தபடி பிரட்டுங்கள். கால் கோப்பை தண்ணீரைக் கையால் தெளித்து, மூன்று நாலு நிமிடம் மூடுங்கள். ஒரு இலையை எடுத்துச் சப்பிப் பாருங்கள். மெதுமையாக இருந்தால் மூடியை எடுத்து, நீர் வற்றவிட்டு, தேங்காய்க் கூட்டைச் சேர்த்து ஒரு நிமிடம் பிரட்டி இறக்குங்கள். தேங்காய்ப்பூவை முதலே போட்டால் அது காய்ந்து சக்கையாகிவிடும். சூடு தணிந்ததும் தேசிக்காய். எல்லாமாகப் பத்து நிமிட வேலை.

சுண்டிக்குளம் பக்கத்துக் கூனியோ சிறு இறாலோ கிடைக்கும் நாளில், வெங்காயத்தோடு ஒரு பிடி போட்டு வதக்கிவிட்டு இலையைச் சேருங்கள். அது ருசிக்காக மட்டும் இல்லை. மீன், இறைச்சி சேரும்போது இலையில் உள்ள இரும்பை உடல் கூடுதலாக எடுத்துக்கொள்கிறது.

பொன்னாங்காணி வறை

இளந்தண்டோடு பொடியாக அரியுங்கள். நல்ல தீயில் வெங்காயமும் செத்தல் மிளகாயும் வதங்க, இலையைப் போட்டுத் திறந்தபடி மூன்று நாலு நிமிடம் கிளறுங்கள். நீர் சுண்டியதும் உப்பும் தேங்காய்ப்பூவும் சேர்த்து இறக்குங்கள். இதற்கு மூடியே வேண்டாம்.

மற்ற இலைகள்

முசுட்டையும் குறிஞ்சாவும் மிகப் பொடியாக அரிய வேண்டியவை. தடித்த துண்டாக அரிந்தால் குறிஞ்சாவின் கசப்பு வாயில் நிற்கும். இவற்றுக்குத் தேங்காய்ப்பூவை ஒரு மடங்கு கூட்டுங்கள். அகத்திக்கு வறையைவிடச் சொதி நல்லது. அரிசி கழுவிய தண்ணீரில் வெங்காயம், பச்சை மிளகாயோடு அவியவிட்டு, கடைசியில் தேங்காய்ப்பால் விட்டு ஒரு கொதியில் இறக்கினால் கசப்பு அடங்கும். பசளி வழுவழுப்பானது, வறைக்கு ஏற்றதல்ல. மைசூர்ப் பருப்பு முக்கால் பதம் வெந்ததும் அதற்குள் போடுங்கள். முளைக்கீரையும் தண்டுக்கீரையும் கடையலுக்கு என்றே பிறந்தவை. மண்சட்டியில் உள்ளி, பச்சை மிளகாயோடு அரைக்கோப்பைத் தண்ணீரில் அவித்து, மத்தால் கடைந்து, கட்டிப்பால் ஒரு அகப்பை விட்டு இறக்குங்கள். அவித்த தண்ணீரை ஊற்றிவிடாமல் அதோடேயே கடையுங்கள். கரைந்த சத்து அதில்தான் இருக்கிறது.

பிள்ளைகள்

நாலு வயதுப் பிள்ளை ஒதுக்குவது பெரும்பாலும் காரத்தையும் சப்ப முடியாத நாரையும். அதட்டிப் பலனில்லை, வேறு வடிவில் கொடுங்கள். கடைந்த கீரையில் பச்சை மிளகாயைக் கீறாமல் முழுதாகப் போட்டு, இறக்கியதும் எடுத்துவிட்டால் காரம் ஏறாது. சோறும் பருப்பும் கடைந்த கீரையும் ஒரு சொட்டு நெய்யும் குழைத்துக் கொடுங்கள். முருங்கையிலையைப் பொடியாக அரிந்து ரொட்டி மாவுக்குள் பிசையலாம். வறை இறக்கும் முன் இரண்டு முட்டையை உடைத்து விட்டுக் கிளறலாம். கீரைப்பிட்டு எட்டு வயதுப் பிள்ளைக்குப் பள்ளிக்கூடத்துக்குக் கட்டிக்கொடுக்கவும் உதவும். அரிந்த கீரையை அரிசிமாவோடும் தேங்காய்ப்பூவோடும் பிசறி அவித்தால் போதும். தேங்காயும் பாலும் நெய்யும் சேர்ப்பதற்கு வலுவான காரணம் உண்டு. இலையில் உள்ள கரோட்டினை உடல் உறிஞ்சி விற்றமின் ஏயாக மாற்றுவதற்குக் கொழுப்பு வேண்டும். வெறுமனே அவித்த கீரையைவிட எங்கள் வறையும் பால்கறியும் இந்த விடயத்தில் மேலானவை.

கீரையும் குளிசையும்

முருங்கையிலை மிக நல்ல உணவு. ஐதராபாத்தில் உள்ள இந்தியத் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2017இல் வெளியிட்ட உணவு அட்டவணையின்படி, 100 கிராம் பச்சை இலையில் புரதம் 6 கிராமுக்கு மேல், கல்சியம் 300 மில்லிகிராமுக்கு மேல், இரும்பு ஏறத்தாழ நாலரை மில்லிகிராம். இப்போது கணக்குப் பாருங்கள். வீட்டில் நாலு பேர் பகிரும் வறையில் உங்கள் பங்குக்கு 30 கிராம் இலை வரலாம். அதில் இரும்பு ஒன்றரை மில்லிகிராம்கூட இல்லை. அதிலும் சிறு பங்கைத்தான் உடல் உறிஞ்சும். கர்ப்பிணிகளுக்கு நாளொன்றுக்கு 30 முதல் 60 மில்லிகிராம் இரும்பு குளிசையாக வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை. இந்த இடைவெளியை எந்தக் கீரையாலும் நிரப்ப முடியாது. அயலவர் அன்போடு சொல்லியிருப்பார்கள். ஆனால் இரத்தம் குறைந்த உடம்போடு பிள்ளைப்பேறுக்குப் போவது உங்களுக்கும் பிள்ளைக்கும் ஆபத்து. குளிசை மருந்து, கீரை அதற்குத் துணை.

அந்தத் துணை பலன் தர மூன்று விடயங்களைக் கவனியுங்கள். வறையில் தேசிக்காய் தவறாமல் சேருங்கள். அதன் விற்றமின் சி இலையின் இரும்பை உடலில் சேர்க்கிறது. சோற்றோடும் குளிசையோடும் தேத்தண்ணீர் குடிக்காதீர்கள். சாயம் இரும்பைப் பிடித்து வைத்துக்கொள்ளும். ஒரு மணித்தியாலமாவது இடைவெளி விடுங்கள். கல்சியம் குளிசையும் தந்திருந்தால் இரண்டையும் ஒரே நேரத்தில் விழுங்க வேண்டாம். குளிசை வயிற்றைப் புரட்டினால் நீங்களாக நிறுத்தாமல் குடும்பநல உத்தியோகத்தரிடம் சொல்லுங்கள். நேரத்தை மாற்றித் தருவார்.

வீட்டில் வேறு நோயாளர் இருந்தால் இதையும் தெரிந்துகொள்ளுங்கள். சிறுநீரகக் கல் உள்ளவர்களுக்குப் பொன்னாங்காணி, முளைக்கீரை போன்றவற்றை அவித்து நீரை வடித்துச் சமையுங்கள். ஒட்சலேற்று என்னும் உப்பில் ஒரு பங்கு நீரோடு போகும். சிறுநீரக நோயாளர் கீரை எவ்வளவு உண்ணலாம் என்பதை வைத்தியரே சொல்ல வேண்டும். கீரையில் பொட்டாசியம் கூட. வவுனியாப் பக்கம் இந்த நோயால் வாடும் குடும்பங்கள் பல என்பதால் இதை அழுத்திச் சொல்கிறேன். இரத்தம் உறையாமல் வார்ஃபரின் எடுப்பவர்கள் கீரையை விட வேண்டியதில்லை. ஆனால் ஒரு கிழமை நிறைய, மறு கிழமை ஒன்றுமில்லை என்று இருக்கக் கூடாது. அளவு ஒரே மாதிரி இருக்கட்டும்.

வாய்க்கால் பொன்னாங்காணி

காலபோகத்திலும் சிறுபோகத்திலும் வயலுக்கு அடிக்கும் களைநாசினியும் பூச்சிமருந்தும் வடிந்து சேருமிடம் வாய்க்கால். மருந்தடித்த வயலோரத்துக் கீரையைப் பிடுங்காதீர்கள். கழுவினால் எல்லா நஞ்சும் போகும் என்று நம்பவும் வேண்டாம். கண்டாவளை, கனகராயன் ஆறு இரணைமடுக் குளத்தைத் தாண்டிச் சுண்டிக்குளம் கடலேரிக்குப் போகும் வழியில் உள்ள பள்ளமான நிலம். 2018 டிசெம்பரில் இரணைமடுவின் கதவுகள் திறக்கப்பட்டபோது வெள்ளம் எப்படிப் பரவியது என்பது உங்களுக்குத் தெரியும். வெள்ளம் மூடிய இலையில் மலசலகூடக் கழிவும் கலந்திருக்கும். வெள்ளம் வடிந்த பிறகு பழைய தளிரை வெட்டி எறிந்து, புதிதாகத் துளிர்ப்பதை மட்டும் எடுங்கள். வல்லாரைச் சம்பல் பச்சையாக உண்பது என்பதால், கர்ப்ப காலத்தில் அதை வெளியிடத்து இலையில் செய்ய வேண்டாம். உங்கள் கிணற்றடி வல்லாரையானாலும் இலை இலையாகப் பிரித்து, ஓடும் நீரில் பல தரம் அலசுங்கள். இந்த மாதங்களில் அதையும் லேசாக வதக்கி உண்பதே என் விருப்பம்.

வாய்க்காலுக்குப் போகத் தேவையில்லாதபடி வளவிலேயே பொன்னாங்காணியைப் பெருக்கலாம். ஒரு சாண் தண்டுகளைக் குளிக்கும் நீர் ஓடும் பக்கத்தில் ஊன்றிவிட்டு, சவர்க்கார நீர் நேரே படாதபடி ஒரு சிறு வரம்பு கட்டுங்கள். தளிர்த்ததும் நுனியை வெட்ட வெட்டக் கிளைக்கும். முருங்கைக்கு வேரில் நீர் நின்றால் அழுகிவிடும். கதியாலை மேட்டிலும் வரம்பிலும் நடுங்கள். ஆள் உயரத்தில் கொப்பை வெட்டிவிட்டால் ஏணி இல்லாமல் கொழுந்து பறிக்கலாம். மாரி முற்றும் முன் நல்ல இலையைக் கழுவி, நிழலில் உலர்த்தி, பொடித்து, இறுக மூடும் போத்தலில் வையுங்கள். வெயிலில் உலர்த்தினால் கரோட்டின் வீணாகும். பொடியில் விற்றமின் சி பெரும்பாலும் இராது, ஆனால் புரதமும் கல்சியமும் இரும்பும் இருக்கும். வெள்ள நாட்களில் பருப்பிலும் கஞ்சியிலும் ஒரு தேக்கரண்டி போடலாம்.

சமைத்த கீரையை அன்றன்றே முடித்துவிடுங்கள். வெளியில் பல மணித்தியாலம் கிடந்த கீரையில் கிருமிகள் பெருகி, இலையில் உள்ள நைத்திரேற்றை நைத்திரைற்றாக மாற்றும். சிறு பிள்ளைகளுக்கு அது கூடாது. இரவில் கீரை உண்ணக்கூடாது என்பார்கள். விளக்கு வெளிச்சத்தில் புழுவும் பூச்சியும் தெரியாத காலத்தில் அது நல்ல எச்சரிக்கை. பகலில் தெரிந்து, கழுவி, புதிதாகச் சமைத்ததை இரவில் உண்பதால் தீங்கில்லை. சமிபாடு மந்தமானவர்கள் மட்டும் மத்தியானத்தோடு நிறுத்திக்கொள்ளலாம்.

தங்கச்சி, 2022இல் கடையில் மரக்கறி வாங்க முடியாமல் நாடே திண்டாடியது. கொழும்பு நுகர்வோர் விலைச்சுட்டியின்படி அந்த ஆண்டு செப்டெம்பரில் உணவுப் பணவீக்கம் 94.9 சதவீதம். அப்போது வளவில் முருங்கை நின்ற வீட்டில் சோற்றுக்கு ஒரு கறி இருந்தது. அந்தச் செல்வம் உங்களிடம் நிறைய இருக்கிறது. இந்தக் கிழமை ஒரு நாள் முருங்கை, ஒரு நாள் பொன்னாங்காணி, ஒரு நாள் கடையல் என்று செய்துபாருங்கள். புளியைக் கடைசியில் விடுங்கள், மூடியைத் திறந்து வையுங்கள், அப்பச்சோடாவை அப்பத்துக்கே விட்டுவிடுங்கள். குளிசையை ஒரு நாளும் தவறவிடாதீர்கள். அடுத்த கிளினிக் நாளில் இரத்தத்தை மறுபடி சோதிக்கும்படி கேட்டு, அளவைக் கொப்பியில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.